மாயத் தூளே எல்லாவற்றையும் செய்தால் கதைக்கு என்ன வேலை?

கேள்வி: நான் ஒரு மாயப்புனைவு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். அதில் வரும் நகரத்தில் கதை நெய்யும் இயந்திரங்கள் இருக்கின்றன. பகலெல்லாம் அவை கதைகளை நெய்து தள்ளும், இரவில் பார்த்தால் அடியில் நீல நிறத்தில் ஒளிரும் தூள் படிந்திருக்கும். இந்தத் தூள் காயத்தை ஆற்றும், விளக்கெரிக்கும், மறந்ததை நினைவுக்குக் கொண்டுவரும், போரில் ஆயுதமாகவும் பயன்படும். நெசவுச் சங்கத் தலைவரின் மகள்தான் நாயகி. படித்துப் பார்த்த நண்பர்கள், "நீ எங்கெல்லாம் மாட்டிக்கொள்கிறாயோ அங்கெல்லாம் தூள் வந்து காப்பாற்றுகிறது" என்கிறார்கள். தூளுக்கு விதிகள் வகுக்க வேண்டுமா? எத்தனை? அவற்றை வாசகருக்கு முதலிலேயே சொல்லிவிடலாமா? இன்னொரு பயமும் இருக்கிறது. இது செயற்கை நுண்ணறிவைப் பற்றிய உருவகக் கதை என்று எல்லோரும் நினைத்துவிடுவார்களோ?

பதில்: உங்கள் நண்பர்கள் சொன்னது சரிதான், அவர்களுக்கு ஒரு நன்றி சொல்லிவிடுங்கள். ஆனால் விதிப் பட்டியல் போட்டு இதைச் சரிசெய்ய முடியாது. புனைவுப் பிரதிகளைத் திருத்துவதுதான் என் தொழில், பின்னிணைப்பில் பன்னிரண்டு விதிகளை ஒட்டிக்கொண்டு வரும் மாய உலகங்களை நிறையவே பார்க்கிறேன். நாயகன் மாட்டிக்கொண்டதும் பதின்மூன்றாவது விதி ஒன்று முளைக்கும், அல்லது ஏழாவது விதிக்கு ஒரு விலக்கு இருந்தது என்று ஒரு கிழவர் வந்து சொல்வார். விதி இருந்தும் பழைய கதைதான்.

உங்கள் தூளின் சிக்கல் அது எதிலிருந்து வருகிறது என்று உங்களுக்கே தெரியாமல் இருப்பது. கடிதத்தை மறுபடி படித்துப் பாருங்கள். தூள் என்னவெல்லாம் செய்யும் என்று நான்கு விஷயங்கள் சொல்லியிருக்கிறீர்கள், இயந்திரத்துக்குள் என்ன போகிறது என்று ஒரு வார்த்தைகூட இல்லை. கழிவு என்பது உள்ளே போனதில் வெளியே போகவேண்டிய பொருளாக மாறாதது. எது உள்ளே போகிறது, எது துணியாகிறது, எது ஆகவில்லை என்ற கணக்கைப் போட்டுவிட்டால் தூளின் குணம் தானாக வந்துவிடும். நீங்கள் தனியாக விதி எழுதவே வேண்டியதில்லை.

நிஜத் தறியை எடுத்துக்கொள்வோம், நீங்கள் 'நெய்யும்' என்ற சொல்லைப் பிடித்துவிட்டீர்கள், அதை முழுசாகவே பயன்படுத்திக்கொள்ளலாம். தறிக்கு அடியில் சேர்வது ஒரே வகைக் குப்பை கிடையாது. பாவு நூல், அதாவது தறியில் நீளவாக்கில் கட்டிய நூல், அச்சு என்ற சீப்பிலும் நூலைத் தூக்கி இறக்கும் விழுதிலும் உரசிக்கொண்டே இருப்பதால் அதிலிருந்து பிரியும் பஞ்சுத் துகள் ஒரு வகை. நூல் அறுந்துவிடாமல் இருக்கப் போட்ட கஞ்சி காய்ந்து உதிர்வது இன்னொரு வகை, அது துணியில் நிலைக்கப்போவதே இல்லை, நெய்யும் வேலைக்காக மட்டும் பூசியது. மூன்றாவதுதான் எனக்குப் பிடித்தது. பாவின் கடைசிப் பகுதியை நெய்யவே முடியாது. விழுதுக்கு மிக அருகில் வந்ததும் குறுக்கு நூலைக் கொண்டுபோகும் நாடா ஓடுவதற்கு இடைவெளி திறக்காது, மிச்சத்தை வெட்டித்தான் எடுக்க வேண்டும். எவ்வளவு நல்ல தறியானாலும், எவ்வளவு கெட்டிக்கார நெசவாளியானாலும், அந்த மிச்சம் இருக்கத்தான் செய்யும்.

இதைக் கதை நெய்யும் இயந்திரத்துக்குப் பொருத்திப் பாருங்கள். உரசலில் பிரிந்த துகள் என்றால் உங்கள் தூள் கதைகளுக்குள் ஒட்டாத சின்னச் சின்ன விவரங்கள்: யாரோ ஒருவரின் சட்டைப் பொத்தான், ஒரு கதவு கிறீச்சிடும் சத்தம், ஒரு வாசனை. கஞ்சி என்றால் கதையைத் தாங்கிப் பிடித்துவிட்டு மறைந்துபோகும் விஷயங்கள்: 'அப்புறம்', 'ஒரு நாள்', 'அதனால்' போன்றவை. அதைச் சுவாசித்தவர்கள் சம்பந்தமே இல்லாத இரண்டு சம்பவங்களை முடிச்சுப் போட்டுக்கொண்டே இருப்பார்கள், ஒரு சதிக் கோட்பாட்டு நகரமே பிறந்துவிடும். (இதை நீங்கள் எழுதாவிட்டால் வேறு யாராவது எழுதுங்கள், தயவுசெய்து.) வெட்டி எடுத்த பாவு என்றால் தூள் முழுவதும் முடிவுகள். நெய்ய முடியாமல் போன, எந்தக் கதையோடும் சேராத முடிவுகள்.

இன்னொரு வழியும் உண்டு. ஜக்கார்ட் என்ற பிரெஞ்சுக்காரர் 1804-இல் கொண்டுவந்த தறியில் பூவேலைப்பாட்டைத் துளையிட்ட அட்டைகள்தான் தீர்மானிக்கும், ஒவ்வொரு வரிசைக்கும் ஓர் அட்டை. 1839-இல் அவருடைய உருவத்தையே பட்டில் நெய்தார்கள், அதற்குச் சுமார் 24,000 அட்டைகள் தேவைப்பட்டன. அந்த முகத்தை உண்டாக்கியது அட்டையில் இருந்த துளைகள். அப்படியென்றால் துளையிட்டபோது கீழே விழுந்த வட்டத் துணுக்குகள் அனைத்தையும் கூட்டிப் பெருக்கினால், அந்த முகத்தின் எதிர்ப்பக்கம் முழுவதும் அந்தக் குவியலில் இருக்கிறது, வரிசை மட்டும் இல்லை. கதையில் சொல்லாமல் விட்டதெல்லாம் தூளாகிறது என்று வைத்துக்கொண்டால் இது அழகான அடிப்படை. நகரத்து அரசன் தன்னைப் பற்றி நெய்யச் சொன்ன கதையின் தூளைத் தேடி எத்தனை பேர் அலைவார்கள் என்று யோசியுங்கள்.

எதை எடுத்துக்கொள்வது என்பது உங்கள் முடிவு. உதாரணத்துக்கு நான் 'முடிவுகள்' என்பதையே வைத்துக்கொண்டு மேலே போகிறேன், ஏனென்றால் உங்கள் நான்கு சக்திகளில் மூன்றை அது காப்பாற்றிவிடும்.

அடுத்து, தூள் உடம்புக்குள் எப்படி வேலை செய்கிறது? இங்கே ரேடியத்தின் கதை உங்களுக்கு உதவும். 1917-இலிருந்து 1920-கள் வரை அமெரிக்காவின் நியூ ஜெர்சி போன்ற இடங்களில் கடிகார முகப்புகளுக்கு இருட்டில் ஒளிரும் வண்ணம் பூசும் வேலையில் இளம் பெண்கள் இருந்தார்கள். தூரிகை முனை கூர்மையாக இருப்பதற்காக அதை உதட்டில் வைத்து உருட்டச் சொல்லியிருந்தார்கள். வண்ணத்தில் இருந்தது ரேடியம். வேதியியல் குணத்தில் ரேடியம் கால்சியத்தைப் போன்றது, அதனால் உடம்பு அதைக் கால்சியம் என்றே எண்ணி எலும்பில் கொண்டுபோய்ச் சேர்த்தது, தாடை எலும்புகள் அழுகின. அதே காலத்தில் ரேடியம் கலந்த தண்ணீரை உடம்புக்குத் தெம்பு தரும் என்று புட்டியில் அடைத்து விற்றுக்கொண்டும் இருந்தார்கள்.

அந்த 'ஆள்மாறாட்டம்' என்ற ஒரே ஒரு விஷயத்தை எடுத்துக்கொள்ளுங்கள். தூளை மனம் எதுவென்று எண்ணி ஏற்றுக்கொள்கிறது? தன் சொந்த நினைவு என்று. உள்ளே போவது ஒரு முடிவு. ஆக, தூளைச் சுவாசித்தவருக்கு எதுவோ முடிந்துவிட்டது என்ற நினைவு வருகிறது, அது தன் வாழ்க்கையில் நடந்தது என்று முழுமையாக நம்புகிறார். இவ்வளவுதான் உங்கள் மாயம். இதை வைத்துக்கொண்டு பழைய பட்டியலைப் பாருங்கள்.

காயம் ஆறுவது: ஆறவில்லை. அடிபட்டவருக்குக் காயம் எப்போதோ ஆறிப்போன நினைவு வருகிறது, வலி நின்றுவிடுகிறது, எழுந்து நடக்கிறார். உள்ளே சீழ் வைத்துக்கொண்டிருக்கிறது. ஊரில் எல்லோரும் தூளை மருந்து என்பார்கள், ரேடியத் தண்ணீரைக் குடித்தவர்கள் சொன்னதைப் போலவே. ஆயுதம்: எதிரிப் படை முகாமில் காற்றோடு தூவினால் போதும், காலையில் படைவீரர்கள் போர் முடிந்துவிட்டதென்று வாளைக் கீழே போட்டுவிட்டு வீட்டுக்கு நடையைக் கட்டுவார்கள். வெடித்துச் சிதறும் நீல மின்னலைவிட இது எவ்வளவோ பயங்கரம், ஏனென்றால் திரும்பி நடக்கிறவர்களை முதுகில் வெட்டப் போகிறவர்கள் உங்கள் நாயகியின் ஆட்கள். மறந்ததை நினைவூட்டுவது: இதைத் தலைகீழாக்குங்கள். காணாமல் போன மகனைப் பல வருஷமாகத் தேடிக்கொண்டிருக்கும் ஒரு தாய் தூளை வாங்கி முகர்கிறாள். தேடுவதை நிறுத்திவிடுகிறாள். அவன் கிடைத்தானா, இறந்தானா என்று கேட்டால் சொல்லத் தெரியவில்லை, ஆனால் அந்த விஷயம் முடிந்துவிட்டது என்பது மட்டும் நிச்சயமாகத் தெரிகிறது.

விளக்கு எரிவதை வெட்டிவிடுங்கள். பொருந்தவில்லை, அழகாக இருக்கிறது என்பதற்காக மட்டும் வைத்திருக்கிறீர்கள்.

ஒளிர்வதைப் பற்றியும் ஒரு வார்த்தை. மாயத் தூள் என்றால் ஒளிர வேண்டும், அதுவும் நீலமாகவோ ஊதாவாகவோ ஒளிர வேண்டும் என்று யார் ஆணையிட்டார்களோ தெரியாது, எல்லாப் பிரதியிலும் அப்படித்தான் வருகிறது. வேண்டாம் என்று சொல்ல மாட்டேன், ஆனால் அதற்கும் ஒரு வேலை கொடுங்கள். அந்தக் கடிகார வண்ணத்தில் ஒளிர்ந்தது ரேடியம் இல்லை, அதோடு கலந்திருந்த துத்தநாக சல்பைடு. ரேடியத்தின் கதிர்வீச்சு தாக்கித் தாக்கி அது கெட்டுப்போய்விடும், சில ஆண்டுகளிலேயே ஒளி மங்கும். ரேடியம் பாதியாகக் குறையவோ சுமார் 1,600 ஆண்டுகள் ஆகும். எனவே பழைய கடிகாரம் இருட்டில் கறுப்பாகக் கிடக்கும், ஆபத்து அப்படியே இருக்கும். உங்கள் நகரத்தில் ஒளிரும் தூளைப் பார்த்தால் மக்கள் ஒதுங்குவார்கள், ஒளி போன தூளைச் செத்த தூள் என்று சொல்லிச் செங்கல்லில் கலந்து வீடு கட்டுவார்கள் என்று வையுங்கள். மூன்றாம் தலைமுறையில் ஒரு தெருவே எதையும் ஆரம்பிக்காத மனிதர்களால் நிறைந்திருக்கும். ஏன் என்று யாருக்கும் தெரியாது. இதற்கு ஒரு முழு அத்தியாயம் கொடுக்கலாம்.

இப்போது எனக்கு உறுத்திய விஷயத்துக்கு வருகிறேன். இயந்திரம் இருக்கிறது, சங்கம் இருக்கிறது, தலைவர் மகள் இருக்கிறாள், போர்கூட இருக்கிறது. கூட்டுகிறவர் எங்கே? இரவில் படிந்த தூளைக் காலையில் யாரோ பெருக்க வேண்டுமே! உங்கள் உலகத்தில் தூளைப் பற்றி எல்லோரைவிடவும் அதிகம் தெரிந்த ஆள் அவர்தான், அவரைக் காணவில்லை.

பஞ்சாலைத் தூசியால் வரும் ஒரு நுரையீரல் நோய் இருக்கிறது, பிசினோசிஸ் என்பார்கள். அதன் விசித்திரம் என்னவென்றால், தொடக்கத்தில் வார விடுமுறை முடிந்து வேலைக்குத் திரும்பும் முதல் நாளில்தான் நெஞ்சு இறுக்கும், மூச்சு வாங்கும். அடுத்தடுத்த நாட்களில் தணிந்துவிடும். திங்கட்கிழமைக் காய்ச்சல் என்றே அதற்குப் பெயர் வந்தது. தொடர்ந்து உள்ளே இருப்பவருக்குத் தெரிவதில்லை, விட்டுவிட்டு வருபவருக்குத்தான் தாக்குகிறது. வருஷக்கணக்கில் தூசியிலேயே கிடந்தால் அந்த இறுக்கம் மற்ற நாட்களுக்கும் பரவி, கடைசியில் நிரந்தரமாகத் தங்கிவிடும்.

இந்த நடத்தையை அப்படியே தூக்கித் தூளுக்குக் கொடுங்கள். கூட்டும் பெண் ஒருத்தி விடுமுறை முடிந்து வருகிறாள். முதல் நாள் முழுவதும் அவளுக்கு எல்லாம் முடிந்துபோன உணர்வு. கல்யாணப் பேச்சு முடிந்துவிட்டது, தாயோடு போட்ட சண்டை முடிந்துவிட்டது, தன் ஆயுளே ஏறக்குறைய முடிந்துவிட்டது. மூன்றாவது நாள் துடைப்பத்தைத் தோளில் சாய்த்துக்கொண்டு அரட்டை அடித்துக்கொண்டிருக்கிறாள். இருபது வருஷம் கழித்து அவள் எதையுமே ஆரம்பிப்பதில்லை, ஒரு வாக்கியத்தைக்கூட. இப்போது சங்கத் தலைவரின் மகளைப் பாருங்கள். அவள் மாடியில் வளர்ந்தவள், தூள் படும் இடத்துக்கே வந்ததில்லை. அப்படியென்றால் தூள் யாரை மிக மோசமாகத் தாக்கும்? நீங்கள் ஏற்கெனவே எழுதி வைத்திருக்கும் காட்சியில், போரில் அடிபட்ட அவளுக்கு முதல்முறையாகத் தூளைப் பூசி 'குணப்படுத்துகிறார்கள்'. அந்த ஒரு பிடித் தூளில் போரே எப்போதோ முடிந்துவிட்டது என்று அவள் நம்பிவிட வேண்டும். நண்பர்கள் குறை சொன்ன அதே காட்சிதான், ஆனால் இப்போது தூள் அவளைக் காப்பாற்றவில்லை, சிக்கலில் மாட்டிவிடுகிறது.

வில்லன் விஷயத்தில் அதிகம் சொல்லப்போவதில்லை. தூளை ஆற்றில் கொட்டிக் கொக்கரிக்கும் கொடியவன் வேண்டாம், சட்டம் போதும். 19-ஆம் நூற்றாண்டு பிரிட்டனில் லெப்லாங் முறையில் உப்பிலிருந்து சோடா என்ற காரப்பொருளைத் தயாரித்த ஆலைகள் ஹைட்ரஜன் குளோரைடு வாயுவைப் புகைபோக்கி வழியாக விட்டுக்கொண்டிருந்தன, சுற்றுவட்டாரத்தில் மரமும் பயிரும் கருகின. 1863-இல் காரத் தொழில் சட்டம் வந்தது, அந்த வாயுவில் 95 சதவீதத்தைப் பிடித்தே ஆகவேண்டும் என்றது. நீரில் கரைத்துப் பிடித்தார்கள். பிடித்த அமில நீரைப் பலர் ஆற்றில் விட்டார்கள், சட்டம் காற்றைப் பற்றி மட்டும்தான் பேசியிருந்தது. ஆலைக்கு வெளியே மலையாகக் குவிந்து அழுகிய முட்டை நாற்றமடித்த திடக்கழிவையும் அது தொடவில்லை. பிறகு அந்த அமிலத்திலிருந்து குளோரின் எடுத்து வெளுப்புத் தூள் செய்யலாம் என்றானதும், பிடிக்கச் சொன்னால் முணுமுணுத்த அதே வாயு ஆலைகளுக்கு வருமானமாகிவிட்டது. வெளுப்புத் தூளின் பெரிய வாடிக்கையாளர்களில் காகித ஆலைகளும் உண்டு. கதையை அச்சடிக்கும் வெள்ளைத் தாளுக்குப் பின்னால் இப்படியொரு கழிவுக் கதை.

உங்கள் நகரத்தில் இது எப்படி நடக்கும் என்று யோசியுங்கள். முதலில் தூள் யாருடைய பொறுப்பும் இல்லை. பிறகு அதைப் பிடித்து மூட்டை கட்ட வேண்டும் என்று ஆணை வருகிறது, சங்கம் அழுகிறது. பிறகு யாரோ ஒருவருக்கு அதன் பயன் தெரிகிறது, துக்க வீடுகளுக்குச் சிறு பொட்டலமாக விற்கிறார். அப்புறம் அரசாங்கம் கண்டுபிடிக்கிறது: மனு கொடுக்க வருகிறவர்கள் காத்திருக்கும் கூடத்தில் கொஞ்சம் தூவினால், வழக்கு தீர்ந்துவிட்டது என்று திருப்தியாக வீடு திரும்புவார்கள். அந்தக் கட்டத்தில் சங்கம் கதை நெய்வதே தூளுக்காக என்றாகிவிடும், யாரும் படிக்காத கதைகள் கிடங்கில் மட்கிக்கொண்டிருக்கும். போரே இல்லாமல் ஒரு நாவலுக்கு இது தாங்கும். ஆனால் உங்களுக்குப் போர் பிடித்திருக்கிறது என்று தெரிகிறது, இருக்கட்டும்.

செயற்கை நுண்ணறிவு பற்றிய பயம். நினைப்பார்கள், கட்டாயம் நினைப்பார்கள். இன்றைக்கு 'கதை எழுதும் இயந்திரம்' என்ற சொற்களைப் படிக்கும் எவருக்கும் வேறென்ன தோன்றும்? அதைத் தடுக்க முயன்று இயந்திரத்தை மரத்தால் செய்வது, நீராவியில் ஓட்டுவது எல்லாம் பலிக்காது, செய்யவும் வேண்டாம். ஆனால் பெயர் மாற்றிய செய்திக்கட்டுரையாகவும் எழுதிவிடாதீர்கள். ஒரு பொருளுக்கு ஒரு பொருள் என்று சமன்பாடு வைத்துவிட்டால், இந்த நகரத்தில் மட்டுமே நடக்கக்கூடியது எதுவும் நடக்காமல் போய்விடும். உங்கள் இயந்திரத்திடம் இருக்கும் தனிச்சிறப்பு, அதன் கழிவு கண்ணுக்குத் தெரிகிறது, கையில் ஒட்டுகிறது, யாரோ அதைப் பெருக்குகிறார்கள் என்பதுதான். அதைப் பின்தொடர்ந்து போனாலே கதை தன் சொந்தப் பாதையில் போய்விடும், ஒப்பிட விரும்புகிறவர் ஒப்பிட்டுக்கொள்ளட்டும். ஒரே ஒரு எச்சரிக்கை: எந்தக் கதாபாத்திரமும் எழுந்து நின்று "மனிதனின் கதையை இயந்திரம் சொல்ல முடியாது" என்று பேசக் கூடாது. அப்படி ஏதாவது காட்சி இருந்தால் இன்றைக்கே அழித்துவிடுங்கள். இருக்கும் என்று நினைக்கிறேன்.

சரி, வாசகருக்கு எவ்வளவு சொல்வது? உங்களுக்கு எல்லாம் தெரிந்திருக்க வேண்டும், கதாபாத்திரங்களுக்குத் தப்பும் தவறுமாகத் தெரிந்திருந்தால் போதும். கூட்டும் பெண் ஒன்று சொல்வாள், வைத்தியர் வேறொன்று சொல்வார், சங்கத்தின் அதிகாரபூர்வ விளக்கம் இரண்டுக்கும் சம்பந்தமில்லாமல் இருக்கும். மூவருமே அவரவர் பார்த்த வரைக்கும் நியாயமாகப் பேச வேண்டும், வைத்தியர் கண்ணெதிரில் வலி நின்றது உண்மைதானே. வாசகர் இந்த மூன்றையும் ஒட்டவைத்துப் பார்த்து, ஓ, இது முடிவுகளால் ஆனது என்று நாயகிக்கு ஓர் அத்தியாயம் முன்னால் கண்டுபிடித்தால் நன்று. முன்னுரையில் விளக்கினால் அந்தச் சந்தோஷத்தைப் பறித்துவிடுவீர்கள். அருஞ்சொற்பட்டியலும் வேண்டாம்.

திருத்தத்தை முதல் அத்தியாயத்திலிருந்து தொடங்காதீர்கள். நாயகி அடிபட்டுத் தூளால் எழும் காட்சியை முதலில் மாற்றி எழுதுங்கள், எழுந்தவள் என்ன செய்ய மறுக்கிறாள் என்பதில்தான் பாதி நாவல் இருக்கிறது. அடுத்து கூட்டும் பெண்ணுக்கு ஒரு பெயரும் ஒரு காலைப்பொழுதும் கொடுங்கள், அவள் நாயகியைச் சந்திக்கும் இடம் எது என்று அப்போது தெரியும். போர்க் காட்சிகளை அதற்குப் பிறகு தொட்டால் போதும், எப்படியும் பாதி குறைந்துவிடும்.